வன்னிஹாமியின் கையெழுத்து

இரத்மலானையிலிருந்து காலி வீதியில் தெற்கே போனால் மொறட்டுவைக்கு அடுத்து பாணந்துறை. இயக்குநர் பிரசன்ன விதானகே 1962இல் பிறந்த ஊர் அது. 'சிசில கினி கனி' (1992) முதல் இன்றுவரை படம் எடுக்கிறார். அவற்றில் பலவற்றுக்குத் திரைக்கதையும் அவரே.

அவருடைய எழுத்தின் உச்சம் 'புரஹந்த களுவர' (1997). இராணுவத்துக்குப் போன மகன் முத்திரையிட்ட பெட்டியில் வீடு திரும்புகிறான். பார்வையற்ற தந்தை வன்னிஹாமி மட்டும் அதை நம்பவில்லை. நஷ்டஈட்டுப் பத்திரத்தில் கையெழுத்திட்டால் காசு வரும். பாதியில் நிற்கும் வீடும் எழும்பும். கிழவர் கையெழுத்திட மறுக்கிறார். ஒரு போரையே அந்தக் கையெழுத்துக்குள் அடக்கிவிட்டார் விதானகே. போர்க்களத்தைக் காட்டவேயில்லை. வன்னிஹாமியாக நடித்த ஜோ அபேவிக்கிரம வாய்விட்டு அழுவதுமில்லை. தடியூன்றி மெல்ல நடக்கிறார், காது கொடுத்துக் கேட்கிறார். கடைசியில் அவரே புதைகுழியைத் தோண்டுகிறார். பெட்டிக்குள் கிடப்பவை வாழைக்குற்றிகளும் கல்லும். அப்படியென்றால் மகன் உயிரோடிருக்கிறானா? படம் பதில் சொல்லவில்லை. அந்த மௌனத்தைத்தான் நான் பெரிய எழுத்து என்பேன். 2000இல் அரசு இப்படத்தைத் தடுத்தது. அடுத்த ஆண்டு உயர் நீதிமன்றம் விதானகே பக்கம் தீர்ப்பளித்த பிறகே திரைக்கு வந்தது.

ரஷ்ய இலக்கியம் அவருக்கு நெருக்கமானது. 'அனந்த ராத்ரிய'வில் டால்ஸ்டாய். 'ஒப நாதுவ ஒப எக்க'வில் (2012) தாஸ்தாயெவ்ஸ்கியின் அடகுக்கடைக்காரன் மலையகத்துக்கு வந்து, முன்னாள் இராணுவ வீரன் சரத்சிறி ஆகிறான். நகை அடகுவைக்க வந்து அவனை மணப்பவள், போரில் உறவுகளை இழந்த தமிழ்ப்பெண் செல்வி. அவளைவிட அவனுடைய உள்ளமே நமக்கு அதிகம் தெரிகிறது என்று தமிழ் இரசிகர் குறைப்படலாம். எனக்கும் அந்தக் குறை உண்டு. ஆனாலும் குற்றம் செய்தவனின் வீட்டுக்குள்ளிருந்தே குற்றத்தைப் பார்க்க ஒரு சிங்களக் கலைஞர் துணிந்தார். செல்வியாக நடித்த அஞ்சலி பாட்டீலின் கண்கள் கணவனிடம் உண்மையைக் கேட்கும் இடத்தில் என் குறை அடங்கிப்போகிறது.

2023இல் கொரியாவின் பூசான் திரைப்பட விழாவில் விதானகேயின் 'பரடைஸ்' கிம் ஜிசோக் விருதை வென்றது. நெருக்கடிக்கால இலங்கைக்குச் சுற்றுலா வந்த இந்தியத் தம்பதியின் கதை அது. கொரியப் படங்களைத் தேடித் தேடிப் பார்க்கும் நம் இளைஞர்கள், கொரியா கொண்டாடிய இந்தப் பக்கத்து ஊர்க்காரரையும் பார்க்கவேண்டும். 'புரஹந்த களுவர'விலிருந்து தொடங்குங்கள்.