மூன்று மாதச் சம்பளமும் ஒரு மூடிய ஃபைலும்

கிண்டியில் மான்கள் திரியும் வளாகத்துக்குள் இருக்கிற ஆளுநர் மாளிகைக்கும், ஏதோ ஒரு தாலுகா ஆபீஸில் ஃபைல் புரட்டும் உதவியாளருக்கும் என்ன சம்பந்தம்? இருக்கிறது. அரசியல் சட்டத்தின் 310-வது பிரிவுப்படி மாநில அரசு ஊழியர் ஒவ்வொருவரும் ஆளுநரின் 'விருப்பம்' உள்ளவரைதான் பதவியில் இருக்கிறார். ஆளுநர் காலையில் எழுந்து இன்று யாரை வீட்டுக்கு அனுப்பலாம் என்று யோசிப்பதில்லை. முடிவெடுப்பது கோட்டை, பெயர் மட்டும் கிண்டிக்காரருடையது. அடுத்த பிரிவான 311 ஒரு பாதுகாப்பும் தருகிறது. சில விதிவிலக்குகள் தவிர, குற்றச்சாட்டைச் சொல்லி, பதில் கேட்டு, விசாரிக்காமல் யாரையும் டிஸ்மிஸ் செய்யக் கூடாது.

இந்தப் பாதுகாப்பில் ஒரு ஓட்டை உண்டு. அதற்குப் பெயர் கட்டாய ஓய்வு.

தமிழ்நாட்டு அரசு ஊழியருக்கு 2021-லிருந்து ஓய்வு வயது 60. ஆனால் 50 வயதைத் தொட்டவரை, அல்லது 30 வருஷ சர்வீஸ் முடித்தவரை, 'பொதுநலன்' கருதி மூன்று மாத நோட்டீஸோ மூன்று மாதச் சம்பளமோ கொடுத்து அனுப்பிவிட அடிப்படை விதி 56 அனுமதிக்கிறது. பென்ஷன் கிடைக்கும் என்பதால் இது தண்டனை இல்லையாம். தண்டனை இல்லாததால் விசாரணையும் தேவையில்லையாம். கட்டாய ஓய்வு டிஸ்மிஸ் ஆகாது என்று 1954-லேயே ஷியாம் லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இதில் ஒரு வேடிக்கை. ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் தண்டனைப் பட்டியலிலும் இதே பெயரில் ஒரு 'கட்டாய ஓய்வு' இருக்கிறது. அதற்கு சார்ஜ் மெமோ, விசாரணை எல்லாம் உண்டு. ஆக, ஒருவர் தண்டிக்கப்பட்டு வீட்டுக்கு வருகிறார், இன்னொருவர் தண்டிக்கப்படாமல் வீட்டுக்கு வருகிறார். பக்கத்து வீட்டுக்காரர் இரண்டு பேரையும் பார்த்து ஒன்றைத்தான் சொல்வார்: "என்னமோ பண்ணியிருக்கான், அனுப்பிட்டாங்க."

சரி, கோர்ட்டுக்குப் போகலாமே என்பீர்கள். போகலாம். எந்த வாசல் வழியாக என்பதை 1992-ல் வைகுண்ட நாத் தாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வரையறுத்தது. ஒடிசா பாரிபாடாவில் கம்பவுண்டராகச் சேர்ந்தவர் அவர். வீட்டுக்கு அனுப்பப்பட்டது 1976-ல். தீர்ப்பு வர பதினாறு வருஷம். கெட்ட எண்ணத்தோடு போட்ட உத்தரவா, ஆதாரமே இல்லாத உத்தரவா, புத்தியுள்ள எவரும் எடுக்காத முடிவா - இந்த மூன்றில் ஒன்றை நிரூபித்தால்தான் கோர்ட் தலையிடும். அதோடு, ஊழியருக்குக் காட்டாமலே ரகசியக் குறிப்பேட்டில் எழுதிவைத்த பாதகமான குறிப்புகளையும் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம் என்றது தீர்ப்பு.

எனக்குப் பிரச்னையே இங்கேதான். ஆதாரமில்லை என்று காட்ட ஃபைல் வேண்டும். ஃபைலோ அரசாங்கத்தின் பீரோவில். உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாதவர், எழுதியது தப்பு என்று எப்படி வாதாடுவார்? கதவைத் திறந்துவைத்து சாவியை எதிராளியிடம் கொடுத்த மாதிரி இருக்கிறது.

நீதித்துறைக்குள்ளேயே நடந்த கதை ஒன்று. சென்னை உயர்நீதிமன்றம் தன் நிர்வாக அதிகாரத்தில் கீழ்க்கோர்ட் நீதிபதிகள் இருவரைக் கட்டாய ஓய்வில் அனுப்பியது. அவர்கள் வழக்குப் போட, அதே உயர்நீதிமன்றத்தின் பெஞ்ச் அதை ரத்து செய்தது. உடனே உயர்நீதிமன்றத்தின் பதிவாளரே டெல்லிக்கு அப்பீல் போனார்! 1988-ல் உச்ச நீதிமன்றம் அப்பீலை ஏற்கவில்லை. உயர்நீதிமன்றமே ஆனாலும் தன்னிச்சையாகச் செயல்படக் கூடாது, முடிவுக்கு ஆதாரம் இருந்தே ஆகவேண்டும் என்றது. நீதிபதிகளுக்கே இந்தப் பாடு என்றால் கிளார்க்கின் கதியை யோசித்துப் பாருங்கள்.

ஜெயித்தாலும் என்ன கிடைக்கிறது? வருமான வரித்துறை அதிகாரி கேப்டன் பிரமோத் குமார் பஜாஜ் 2020 ஜனவரியில் ஓய்வுபெற வேண்டியவர். 2019 செப்டம்பரில் கட்டாய ஓய்வு உத்தரவு வந்தது. ஒழுங்கு நடவடிக்கையைக் குறுக்குவழியில் முடிக்கப் போட்ட, தண்டனை போன்ற உத்தரவு இது என்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது 2023 மார்ச்சில். ஜெயித்தபோது திரும்பிப் போய் உட்கார நாற்காலி இல்லை.

அரசு ஊழியர் மேல் உங்களுக்கு அவ்வளவாக அனுதாபம் கிடையாது. தெரியும். 'நாளைக்கு வாங்க' என்ற வார்த்தையைக் கேட்டுக் கேட்டுப் புளித்துப்போனவர்கள்தானே நாம்? பட்ட மரங்களை வெட்டத்தான் வேண்டும். ஆனால் லஞ்சம் வாங்கியவரை விசாரிக்காமல் பென்ஷனோடு அனுப்புவது அவருக்கு லாபம், நமக்கு நஷ்டம். விசாரணையைத் தவிர்க்கும் குறுக்குவழியாக இதைப் பயன்படுத்தாதே என்று 2001-ல் உமேத்பாய் படேல் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இன்னொரு பக்கம், ஏரிப் புறம்போக்குக்குப் பட்டா கேட்டு வரும் பெரிய மனிதரிடம் 'முடியாது' என்று எழுதுகிற ஐம்பது வயது தாசில்தாரை நினையுங்கள். மேலே இருப்பவர் ரகசியக் குறிப்பேட்டில் நாலு வரி எழுதினால் போதும் என்கிற பயம் அவர் பேனாவைப் பிடித்து இழுக்காதா? அந்த ஏரி அவருடையது இல்லை சார், நம்முடையது.

மதிப்பீட்டுக் குறிப்பு எதுவானாலும் ஊழியருக்குத் தெரிவித்தாக வேண்டும் என்று 2008-ல் தேவ் தத் வழக்கிலும் 2013-ல் சுக்தேவ் சிங் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் சொன்னது. பதவி உயர்வுக்குக் காட்டுவதை வீட்டுக்கு அனுப்பும்போது மட்டும் ஏன் மறைக்க வேண்டும்? பெரிய சட்டத்திருத்தம் கூட வேண்டாம். மூன்று மாத நோட்டீஸ் என்பது விதியிலேயே இருக்கிறது. முதல் வாரத்தில் குறிப்புகளின் நகலைக் கொடுங்கள். ஒரு மாதம் பதிலுக்கு. மிச்ச நாளில் பதிலைப் படித்து, காரணத்தை எழுதி முடிவெடுங்கள். அப்புறம் கோர்ட்டுக்கும் பரிசீலிக்க ஏதாவது இருக்கும்.

ஆளுநர் பெயரால் வரும் அந்த ஒற்றைத் தாளில் 'பொதுநலன் கருதி' என்ற வரிக்குக் கீழே இடம் நிறையவே காலியாக இருக்கிறது.