ஒலிக்காத ‘ப்’

‘டெரிஜியம்’ என்று சொல்லிப் பாருங்கள். அழுத்தம் ‘ரி’யில் விழ வேண்டும். கண்ணின் வெள்ளையிலிருந்து கருவிழி மேல் ஏறும் முக்கோணச் சதைக்கு மருத்துவம் வைத்த பெயர் அது. வெயிலிலும் புழுதியிலும் பாடுபடுகிறவர்களுக்கு அதிகம் வரும். மேலூர், திருமங்கலம் பக்கத்து வயல்காடுகளில் ‘கண்ணுல சதை வளருது’ என்பார்கள். ஆங்கிலத்தில் எழுதினால் முதலெழுத்து பி, அடுத்தது டி. அந்த பி வாய்க்கு வராது.

கிரேக்கத்தில் ‘ப்டெரிக்ஸ்’ என்றால் சிறகு. ‘ப்டெரிகியோன்’ சின்னச் சிறகு. அந்தச் சதையைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், இதைவிடப் பொருத்தமான பெயர் அமையாது. சொல்லின் தலையில் ‘ப்ட்’ வருவது கிரேக்கருக்கு இயல்பு. தனிமெய் சொல்லுக்கு முதலாகாது என்பது நம் இலக்கணம். அதனால் ‘ஸ்கூல்’ நம் வாயில் ‘இஸ்கூல்’ ஆகிறது. ஆங்கிலேயர் வேறு வழி கண்டார்கள்: ஒலியை உதிர்த்துவிட்டு எழுத்தை வைத்துக்கொண்டார்கள். அந்த ஊமை எழுத்தை வீண் என்று என்னால் நினைக்க முடிவதில்லை. சிறகு அதில்தான் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

முன்னால் ஓர் உயிரொலி வந்து தாங்கினால் அதே ‘ப்’ வாய் திறக்கும். ஹெலிகாப்டரில் ‘ஹெலிகோ’ சுழல், ‘ப்டெர்’ சிறகு. இமை சரிவதைக் குறிக்கும் ‘டோசிஸ்’ தனியே நின்றால் ‘ப்’ இல்லை. இமையையும் சேர்த்து ‘பிளெஃபராப்டோசிஸ்’ என்றால் கேட்கும்.

இந்தச் சொற்கள் புழங்கும் ஊர் என்றால் எனக்கு மதுரைதான். டாக்டர் கோ. வெங்கடசாமி 1976-இல் 11 படுக்கைகளோடு தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை, கிராமங்களில் பள்ளிப் படிப்பு முடித்த பெண்களை எடுத்து 2 ஆண்டு பயிற்சி தருகிறது. ஏட்டில் கிரேக்கம், எதிரே உட்கார்ந்திருக்கும் பாட்டியிடம் ‘புரை’, ‘பூ’, ‘சதை’. இரண்டையும் கலங்காமல் கையாளும் அந்த நாவன்மையை நான் மிகப் பெரிதாக மதிக்கிறேன்.

எனக்கு எல்லாவற்றிலும் பிடித்தது ‘ஃபேகோஎமல்சிஃபிகேஷன்’. அமெரிக்க மருத்துவர் சார்லஸ் கெல்மன் 1967-இல் கொண்டுவந்த புரை அறுவை முறை. ஒலியதிர்வால் புரையை உடைத்து உறிஞ்சுவது. கிரேக்கத்தில் ‘ஃபாகோஸ்’ என்பது மைசூர்ப் பருப்பு. லத்தீனில் அதே பருப்புக்குப் பெயர் ‘லென்ஸ்’. ‘எமல்ஷன்’ பால் கறக்கும் வினையிலிருந்து வந்தது. பருப்பைப் பாலாக்கி எடுப்பது என்று ஒரே சொல்லில் முழு அறுவையும் அடங்கிவிடுகிறது. அன்றாடம் சொல்லுகிறவர்கள் ‘ஃபேகோ’ என்று நிறுத்திக்கொள்கிறார்கள். ஒடிக்க வேண்டிய கணுவும் அதுவேதான்; பருப்பு முழுசாக நிற்கிறது.