எம்.பி. சீனிவாசனின் சேர்ந்திசை: மலையகத்திலிருந்து ஒரு நோக்கு

திரையிசை பற்றிய நமது விமர்சனங்கள் பெரும்பாலும் பாடலாசிரியனையும் பாடகனையும் சுற்றியே அமைந்துள்ளன. இசையமைப்பாளனின் சமூக நோக்கு அவனது இசைமுறையில் எவ்வாறு உருக்கொள்கிறது என்ற வினா அரிதாகவே எழுப்பப்படுகின்றது. இவ்வினாவை ஆராய எம்.பி. சீனிவாசன் (1925–1988) தக்கதோர் எடுத்துக்காட்டாவார்.

சித்தூரிற் பிறந்து, இந்திய மக்கள் நாடக மன்றத்தின் கலை இயக்கத்தில் உருவான அவர், நிமாய் கோஷ் நெறிப்படுத்திய ‘பாதை தெரியுது பார்’ (1960) வாயிலாகத் தமிழ்த் திரையில் அறியப்பட்டார். அப்படம் வணிக வெற்றி பெறவில்லை. பின்னர் தமிழ்ச் சினிமா அவருக்கு மிகச் சில வாய்ப்புக்களையே வழங்கிற்று. மலையாளச் சினிமாவே அவரது களமாயிற்று. அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘சுயம்வரம்’ (1972), ‘எலிப்பத்தாயம்’ (1981) ஆகிய படங்களிற் பாடல்கள் இல்லை. காட்சியை இசையால் மூடிவிடாது, மௌனத்துக்கும் இயல்பான ஓசைகளுக்கும் அவர் இடம்விட்டமை மனங்கொள்ளத்தக்கது.

இச்சிக்கனத்தின் மறுபுறமே அவர் வளர்த்த சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழு. பாரதி பாடல்களைப் பல குரல்கள் வெவ்வேறு சுர வரிசைகளில் ஒருங்கே இசைக்கும்போது, தனிக்குரலின் ஆதிக்கம் தகர்கிறது. சென்னைத் திரையிசைக் கலைஞருக்குத் தொழிற்சங்கம் அமைப்பதில் அவர் முன்னின்றதையும் இதனோடு இணைத்தே நோக்குதல் வேண்டும். பெயர் அறியப்படாத வாத்தியக் கலைஞனும் உழைப்பாளியே என்ற உணர்வே சங்கத்துக்கும் சேர்ந்திசைக்கும் பொது அடிப்படை எனலாம்.

எனினும் ஒரு வரையறையைச் சுட்டாதிருக்க முடியாது. சேர்ந்திசை முன்னரே எழுதி, பயின்று, பாடப்படுவது. அதன் முதற் பாடகர்கள் நகர்ப்புறத்துக் கற்ற இளைஞர்கள். உழைக்கும் மக்களின் பாடலோ ஒருவர் எடுக்க மற்றவர் தொடர, பாடுங்கணத்திலேயே சொல் மாறி வளர்வது. முன்னையது பின்னையதற்கு ஈடாகாது.

மலையகத்தவராகிய நமக்கு இவ்வேறுபாடு வெறும் இசையிலக்கணப் பிரச்சினை அன்று. றொசல்ல, ஹற்றன் பகுதித் தோட்டங்களில் ஒரு காலத்தில் தப்பு முழங்கியே தொழிலாளர் விடியற்காலையிற் பெரட்டுக்கு அழைக்கப்பட்டனர். அதே தப்புத்தான் காமன் கூத்தில் அவர்களது சொந்தக் கலையின் தாளமாயிற்று. தப்படித்தல் குறிப்பிட்ட சாதியினர்மீது சுமத்தப்பட்ட கடமையாகவும் இருந்தது. ஒரே கருவி அடக்குமுறைக்கும் ஆக்கத்துக்கும் பயன்பட்டிருக்கையில், இசையின் தன்மையை நிர்ணயிப்பது கருவியன்று. அதனைச் சூழ்ந்த சமூக உறவே.

ஆகவே சீனிவாசனின் சேர்ந்திசையை அப்படியே நகல்செய்தல் நமது பணியன்று. தப்பை மேடையேற்றுவதோடு நாம் அமைதியடைந்துவிடவும் முடியாது. தப்படிப்போன் பாடுவோருக்குச் சமமாக, உரிய மதிப்புடனும் ஊதியத்துடனும் நிற்கும் சேர்ந்திசை ஒன்று மலையகத்தில் உருவாதல் வேண்டும். சங்கத்தையும் சுரத்தையும் பிரித்துக் காணாத அக்கலைஞரிடமிருந்து நாம் பெறத்தக்க பாடம் அதுவே.