லிப்ஜிடாப்புக்கு ஒரு ஓ போடுங்க!

ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை கடலோரமாகப் போனால் கன்டெய்னர் லாரிகளும் எடைமேடைகளும்தான் கண்ணில் படும். அந்த எடைமேடை அறைகளிலும், சரக்கு அனுப்பும் சின்னச் சின்ன ஆபீஸ்களிலும் ஓடும் லினக்ஸ் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்வதுதான் என் பிழைப்பு. உப்புக்காற்று, சாம்பல் தூசு, வெக்கை எல்லாவற்றையும் தாங்கி ஓடும் பழைய பெட்டிகள் அவை. "சிஸ்டம் ரொம்ப ஸ்லோண்ணா, புதுசுதான் வாங்கணும்போல" என்று போன் வந்தால், நேரே போய் சிஸ்டம் மானிட்டரைத் திறப்பேன். அதற்குள் இருந்து உழைக்கிற லிப்ஜிடாப் என்ற லைப்ரரி மேல் எனக்கு அப்படியொரு பிரியம்!

க்னோமின் சிஸ்டம் மானிட்டரும் அதைக் கேட்டுத்தான் சிபியூ, ராம் கணக்கைச் சொல்கிறது, மேட்டே டெஸ்க்டாப்பின் மானிட்டரும் அதைத்தான் கேட்கிறது. எந்த லாரியாவது தனக்கென்று ஓர் எடைமேடையைத் தூக்கிக்கொண்டா ஓடுகிறது? அதே மாதிரிதான் லிப்ஜிடாப் போன்ற லைப்ரரிகளின் 'டாட் எஸ்ஓ' ஃபைல்கள். டிஸ்கில் ஒரு பிரதி. எத்தனை புரோகிராம் பயன்படுத்தினாலும் அதன் நிரல் பகுதி ராமில் ஏறுவது ஒரே தடவை. 2 ஜிபி ராமில் காலம் தள்ளுகிற பெட்டிக்கு இது எவ்வளவு பெரிய உதவி! டெர்மினலில் 'எல்டிடி' என்று அடித்து மானிட்டரின் பெயரைக் கொடுத்தால், அது சார்ந்திருக்கும் லைப்ரரிகள் வரிசையாக வந்து நிற்கும். நடுவில் லிப்ஜிடாப்பும் இருக்கும். எனக்கு அந்த வரியைப் பார்த்தாலே சந்தோஷம்.

லினக்ஸில் அது எண்களை எடுப்பது 'ப்ராக்' என்ற அடைவிலிருந்து. அதற்குள் 'ஸ்டாட்' ஃபைலைத் திறந்து பாருங்கள். சிபியூ எவ்வளவு நேரம் உழைத்தது, எவ்வளவு நேரம் சும்மா இருந்தது, டிஸ்குக்காக எவ்வளவு நேரம் காத்துக் கிடந்தது என்று, பெட்டியை ஆன் செய்ததிலிருந்து நொடியில் நூறில் ஒரு பங்கு அளவில் கூட்டிக்கொண்டே வருகிற எண்கள். சதவீதம் எங்கேயும் எழுதியிருக்காது. இரண்டு முறை படித்து, ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்துத்தான் மானிட்டரின் வளைகோடு திரையில் ஓடுகிறது. ஃப்ரீபிஎஸ்டியில், சோலாரிஸில் இந்த எண்கள் கிடைக்கும் வழியே வேறு. ஆனால் லிப்ஜிடாப்பிடம் கேட்கிற கேள்வி மாறாது. புரோகிராம் எழுதுகிறவருக்கு இதைவிட என்ன வேண்டும்?

அதன் உறவுக்காரர்களையும் சொல்லாமல் விட மனசு வரவில்லை. 'டாப்', 'ஃப்ரீ' கட்டளைகளுக்குப் பின்னால் இருப்பது லிப்ப்ராக்2. 'ஃப்ரீ' காட்டுகிற 'அவைலபிள்' என்ற பத்தியை மட்டும் பார்த்தால் போதும். 2014-இல் வந்த 3.14 கர்னலிலிருந்து அந்தக் கணக்கைக் கர்னலே போட்டுக் கொடுக்கிறது. ராம் காலியில்லை என்று பதறுகிறவர்களுக்கெல்லாம் நான் அந்தப் பத்தியைத்தான் காட்டுவேன். கேஷில் இருப்பதில் பெரும்பகுதியை வேண்டும்போது திருப்பி எடுத்துக்கொள்ளலாம்.

எங்கள் கடலோரப் பகுதிக்கென்றே செய்து வைத்ததுபோல இன்னொன்று உண்டு: லிப்சென்சார்ஸ். மதர்போர்டிலும் சிபியூவிலும் உள்ள வெப்ப உணரிகளைப் படித்துச் சொல்லும். கர்னல் டிகிரியை ஆயிரத்தால் பெருக்கி 71000 என்று எழுதி வைத்திருக்கும். லைப்ரரி அதை 71 டிகிரி என்று நம் கையில் தரும். எண்ணூர்ப் பக்கம் ஓர் எடைமேடையில் சிபியூ வேலை குறைவாகவே காட்டுகிறது, ராமும் தாராளம், ஆனாலும் ரசீது அடிக்க ஆளைக் காக்க வைக்கிறது. 'சென்சார்ஸ்' என்று தட்டினேன். 90-ஐத் தாண்டி நின்றது வெப்பம்! சூடு தாங்காமல் சிபியூ தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொண்டிருக்கிறது. மூடியைக் கழற்றினால் ஹீட்சிங்க் இடுக்கெல்லாம் சாம்பல் நிறத்தில் கெட்டியான தூசு, உப்பு ஈரத்தில் பிசுபிசுவென்று. ப்ளோயர் அடித்து, பழைய பேஸ்டைச் சுரண்டிப் புதிதாகத் தடவிப் போட்டதும், கண்ணெதிரே எண் மளமளவென இறங்கி அறுபதுக்குள் வந்து நின்றதே, அதைப் பார்த்த ஆனந்தம் இருக்கிறதே! புதுப் பெட்டிக்கான செலவு மிச்சம்.

நம்மூர்த் தொடர்பும் லிப்ஜிடாப்புக்கு உண்டு. சென்னை சி-டாக் நிறுவனம் 2007-இல் வெளியிட்ட பாஸ் லினக்ஸ், டெபியனை அடித்தளமாகக் கொண்டது. அதன் தொடக்கப் பதிப்புகள் க்னோம் திரையோடுதான் வந்தன. 2011-இல் தொடங்கிய தமிழக அரசின் விலையில்லா மடிக்கணினித் திட்டத்தின் கணினிகளிலும் விண்டோஸோடு பாஸ் வந்தது. பெயர் தெரியாமலே எத்தனை பிள்ளைகள் இந்த லைப்ரரியோடு பழகியிருப்பார்கள்!

இப்போது என் எடைமேடைகளில் எல்லாம் மானிட்டர் ஜன்னல் ஓரமாகத் திறந்தே இருக்கும். போன வாரம் ஒரு தம்பி போன் செய்தார். "அண்ணா, ஸ்வாப் ஏறிக்கினே போச்சுண்ணா. ப்ரவுசர்ல ஏகப்பட்ட டேப் இருந்துது, மூடிட்டேன். இப்ப நல்லா ஓடுது." அடுத்து அவருக்கு லிப்ஜிடாப்பைப் பைத்தானிலிருந்து கூப்பிடக் கற்றுக்கொடுக்கப் போகிறேன். ராம் தீரப்போகும்போது பீப் அடிக்க ஏழெட்டு வரி போதும்.