வரமும் உறவும்: ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ பற்றிய ஒரு நோக்கு

புதுமைப்பித்தனின் ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ 1943ஆம் ஆண்டு ‘கலைமகள்’ இதழில் வெளிவந்தது. கடவுளைக் கேலி செய்யும் கதை என்றே அது பெரிதும் பேசப்பட்டு வந்துள்ளது. அங்கதம் அதில் உண்டு என்பதில் ஐயமில்லை. ஆயின், தற்செயலாக எதிர்ப்படும் இருவரிடையே உறவு எவ்வாறு தோன்றுகின்றது என்ற வினாவும் அக்கதையின் உள்ளீடாக அமைந்துள்ளது.

சென்னைத் தெருமுனையொன்றில், டிராமிற் செல்வதா பஸ்ஸிற் செல்வதா என அணாக் கணக்குப் பார்த்து நிற்கும் கந்தசாமிப் பிள்ளையிடம், முன்பின் அறியாத ஒருவர் திருவல்லிக்கேணிக்கு வழி கேட்கின்றார். காப்பி, ரிக்ஷாப் பயணம் என அறிமுகம் வளர்கின்றது. வந்தவர் கடவுள் என்பது பின்னரே தெரியவருகின்றது.

இவ்விடத்திற் பெரியபுராண மரபு ஒப்புநோக்கத்தக்கது. ஆங்கும் இறைவன் அறிமுகமற்ற விருந்தினனாகவே வருகின்றான். சிறுத்தொண்டரிடமும் இயற்பகையாரிடமும் கொடுத்தற்கரியதைக் கேட்டுச் சோதித்து, இறுதியில் அருள்புரிகின்றான். வந்தவன் அனைத்தும் அறிந்தவன். வரவேற்பவனோ வந்தவன் யாரென அறியாதவன். புதுமைப்பித்தன் இந்நிலையைத் தலைகீழாக்குகின்றார். வந்தவர் யாரென அறிந்த பின்னரே, தம் வீட்டில் தங்குவதாயின் வரம் கொடுக்கலாகாது, மனிதருக்குரிய விதிகளுக்குக் கட்டுப்பட்டே நடத்தல் வேண்டும் எனக் கந்தசாமிப் பிள்ளை நிபந்தனை விதிக்கின்றார்.

காலணாவையும் எண்ணிச் செலவிடும் ஒருவர், தேடிவந்த அதிர்ஷ்டத்தை மறுப்பதன் பொருள் யாது? வரம் கொடுப்பவரும் பெறுபவரும் சமமாதல் இயலாது. வரத்தை ஏற்றுக்கொண்டால் விருந்தினர் எசமானராகிவிடுவார். அந்நிபந்தனையினாலேயே குழந்தை வள்ளி அவரைத் தாத்தாவாகக் கொண்டு விளையாட முடிகின்றது.

எனினும், நடனமாடிப் பிழைக்க முயன்று புறக்கணிக்கப்படும் கடவுள், மனிதரோடு உடனிருந்து வாழ்தல் தம்மால் இயலாதெனக் கண்டு மறைகின்றார். எஞ்சுவது வரமன்று, கணக்கிற் பதியப்படும் ஆயுட்சந்தாவே.

கதையின் எல்லையும் ஈண்டுக் குறிப்பிடற்பாலது. கந்தசாமிப் பிள்ளை வேண்டும் சமத்துவம் அவர்தம் வாசலைத் தாண்டுவதில்லை. இருவரையும் இழுத்துவந்த ரிக்ஷாக்காரர் பயணம் முடிந்ததும் கதையிலிருந்து விலகிவிடுகின்றார். அவரும் தற்செயலாக எதிர்ப்பட்டவரே. ஆயினும் அவருக்குக் கூலி கிடைக்கின்றதேயன்றி உறவு கிடைக்கவில்லை. சந்திப்பைத் தற்செயல் ஏற்படுத்தலாம். அது உறவாதற்குச் சமநிலை வேண்டும். அச்சமநிலையைக் கடவுளிடம் துணிந்து கோரிய கதை, தெருவில் உழைப்பவருக்கு அதனை வழங்கத் தவறியமையையும் சேர்த்தே அதன் சாதனை மதிப்பிடப்படல் வேண்டும்.