கரிசல் புனைவில் அற்புதத்தின் எல்லை: 'கோபல்ல கிராமம்', 'பாழி' – ஓர் ஒப்பீடு

முன்னுரை

மதுரையிலிருந்து தூத்துக்குடி செல்லும் நெடுஞ்சாலையில், எட்டயபுரத்தை அடுத்து எப்போதும்வென்றான் என்னும் ஊர் உள்ளது. பருவமழையை நம்பி விதைத்து, அது பொய்த்தால் விதையையும் இழக்கும் மானாவாரி நிலத்தின் நடுவே இருக்கும் ஊருக்கு இப்பெயர் வாய்த்திருக்கிறது. நடப்பு மறுப்பதைப் பெயர் உரைக்கிறது. கோடையில் பாளம் பாளமாக வெடித்து, மழையில் உப்பி வெடிப்பை மூடிக்கொள்ளும் கரிமண்ணும் நிலையான தரை என்னும் எண்ணத்தை ஆண்டுதோறும் குலைப்பதாகும். இத்தகைய நிலத்திலிருந்து எழுந்த இலக்கியம் பெரிதும் யதார்த்தவாதமாகவும் இனவரைவியல் ஆவணமாகவுமே வாசிக்கப்பட்டுள்ளது. இயற்கை விதிகள் பிறழும் பகுதிகள் எதிர்ப்படும்போது, அவை 'நாட்டார் கூறு' என்றோ 'மாய யதார்த்தம்' என்றோ பெயரிடப்பட்டுக் கடந்துசெல்லப்படுகின்றன. விதிகள் எங்கே பிறழ்கின்றன, அப்பிறழ்வுக்கு யார் பொறுப்பேற்கிறார் என்னும் வினாக்களை முன்வைத்துக் கி. ராஜநாராயணனின் 'கோபல்ல கிராமம்' (1976), கோணங்கியின் 'பாழி' (2000) ஆகிய நாவல்களை இக்கட்டுரை ஒப்பிடுகிறது.

பெயரிடலின் சிக்கல்

காப்ரியல் கார்சியா மார்க்வெஸின் மகோந்தாவைக் களமாகக் கொண்ட 'தனிமையின் நூறு ஆண்டுகள்' ஸ்பானிய மொழியில் 1967இல் வெளிவந்தது. அதன் தமிழாக்கம் நூல் வடிவம் பெற்றது 2013இல். கோவில்பட்டியிலிருந்து கோணங்கி நடத்திய 'கல்குதிரை' இதழ், மார்க்வெஸுக்குச் சிறப்பிதழ் வெளியிட்டு அவரைத் தமிழ் வாசகரிடம் கொண்டுசேர்த்தது. ஆகவே கோணங்கியைப் பற்றிப் பேசுகையில் அத்தொடர்பைக் கருதுவதற்கு இடமுண்டு. கி.ரா.வின் அற்புதமோ இடைசெவல் வட்டாரத்துக் குடிபெயர்வுக் கதைகளில் வேர்கொண்டது. இரண்டையும் ஒரே பெயரால் சுட்டுவது அவற்றிடையே உள்ள அடிப்படை வேறுபாட்டை மறைத்துவிடுகிறது.

சொல்பவர் பொறுப்பில் அற்புதம்

'கோபல்ல கிராம'த்தில், சென்னாதேவியை அடைய விரும்பும் அரசனுக்கு அஞ்சித் தெலுங்கு நாட்டிலிருந்து ஒரு குடி தெற்கு நோக்கி ஓடிவருகிறது. ஆறு குறுக்கிட, கரையில் நின்ற மரம் வளைந்து பாலமாகி அவர்களை மறுகரை சேர்க்கிறது. விதி பிறழும் இடம் இது. ஆனால் இந்நிகழ்ச்சியை நாவலின் கதைசொல்லி தம் கூற்றாக உரைப்பதில்லை. நூறு வயதைக் கடந்த மங்கத்தாயாரு அம்மாள் தம் வழியினருக்குச் சொல்லும் கதையில் அது நிகழ்கிறது. கேட்போர் நம்பலாம், நம்பாமலும் போகலாம். அற்புதத்துக்கு ஒரு வாயும் ஒரு குடும்பமும் ஒரு திண்ணையும் உண்டு.

மரம் வளைவது எதற்காக என்பதும் கருதத்தக்கது. துரத்தப்படுவோர் உயிர்தப்புவதற்காகவே அது வளைகிறது. அவர்கள் கரிசலுக்கு வந்து காட்டைத் தீயிட்டு அழித்து விளைநிலமாக்கும்போது அற்புதம் எதுவும் துணைவருவதில்லை. தீ தீயாகவே எரிகிறது. உழைப்பு உழைப்பாகவே நீள்கிறது. நாவலின் தொடக்கத்தில் நீர்நிலையில் கொல்லப்படும் பெண், தன்னை அமிழ்த்தும் கள்வனின் கால்விரலைக் கவ்விய பல்லை விடாமலே இறக்கிறாள். அற்புதத்துக்கு மிக அணுக்கமான இக்காட்சியும் உடலின் விதிகளுக்குள்ளேயே நிற்கிறது. தப்பித்தலுக்கு அற்புதம், குடியேற்றத்துக்கு உழைப்பு என்னும் இப்பங்கீடு தற்செயலானதன்று. தெய்வம் காப்பாற்றிய குடி, தன் கையால் திருத்திய நிலம் என்னும் இரண்டும் இணைந்து நிலவுரிமைக்கான வாதமாகின்றன. அந்தக் காடு அதற்குமுன் யாருடையதாக இருந்தது என்பதை நாவல் விரித்துரைப்பதில்லை. எனினும் கதையைச் சொல்பவர் யார் எனத் தெரிவதால், வாசகர் அவ்வினாவை அவரிடமே எழுப்ப இயலும்.

சாட்சியற்ற நிலம்

'பாழி' இதற்கு நேர்மாறான அமைப்புடையது. இருப்பிடம், குகை, துறவியர் உறைவிடம், வெறுமை எனப் பல பொருள்களைத் தாங்கும் சொல்லே அதன் தலைப்பு. சமண நினைவுகள் படிந்த கல்லும் அழிந்த ஊர்களும் பொருள்களும் காலவரிசையின்றி ஒன்றனுள் ஒன்று கலக்கின்றன. விதி பிறழும் குறிப்பிட்ட காட்சி என ஒன்றைப் பிரித்துக்காட்டுவது கடினம். பிறழ்வு தொடரமைப்பிலேயே நிகழ்கிறது: எழுவாய் பயனிலையை அடையுமுன் வேறொன்றாக உருமாறிவிடுகிறது. 'மதினிமார்கள் கதை' (1986) தொகுப்பில் தெருவையும் உறவுமுறையையும் அணுக்கமாகப் பதிவுசெய்த அதே எழுத்தாளரிடம் இம்மாற்றம் நேர்ந்துள்ளது.

இதனை வெறும் நடைச்சோதனை எனத் தள்ளுவது பொருந்தாது. கோவில்பட்டிக்கு அருகிலுள்ள கழுகுமலையில், எட்டாம் நூற்றாண்டைச் சார்ந்த முற்றுப்பெறாத வெட்டுவான் கோயிலும் சமணச் சிற்பங்களும் உள்ளன. அச்சமண வாழ்வை வழிவழியாகச் சொல்ல மங்கத்தாயாரு போன்ற மூதாட்டி எவரும் அவ்வட்டாரத்தில் எஞ்சவில்லை. சாட்சியற்ற இறந்தகாலத்தைச் சாட்சியின் குரலில் எழுதுவது பொய்யாகும். 'பாழி'யில் கதைசொல்லியின் முகம் கரைந்திருப்பதை இவ்விழப்பின் வடிவமாகக் கொள்ளலாம்.

எனினும் இவ்வடிவத்துக்கு ஒரு விலை உண்டு. எதுவும் எதுவாகவும் மாறக்கூடிய வெளியில் இழப்பும் எடையிழக்கிறது. மரம் ஒருமுறை மட்டுமே வளைந்ததால்தான், பின்னர் வளையாத உலகின் கடுமை 'கோபல்ல கிராம'த்தில் உறைக்கிறது. 'பாழி'யில் ஒப்புநோக்குவதற்கு உறுதியான தரை இல்லை. அதனினும் முதன்மையானது, அங்கே எவரையும் நோக்கி வினவ இயலாமை. யாருடைய நினைவு, யாரை விலக்கிய நினைவு என்னும் கேள்விகள் சென்றடைய ஒரு முகம் இல்லை.

முடிவுரை

கரிசல் புனைவில் அற்புதத்தின் தரத்தை, அது நடப்பிலிருந்து எவ்வளவு தொலைவு விலகுகிறது என்பதைக்கொண்டு அளக்க இயலாது. அதற்கு யார் பொறுப்பேற்கிறார் என்பதே அளவுகோலாகும். கி.ரா.வின் அற்புதம் ஒரு குடியின் உரிமைக்கோரலாக இருப்பதால் மறுக்கத்தக்கது. மறுக்கத்தக்கதாக இருப்பதே அதன் வலிமை. கோணங்கியின் அற்புதம் உரிமைகோர ஆளில்லாதவற்றின் பக்கம் நிற்கிறது. அதன் அறம் அங்கே உள்ளது, அதன் இடரும் அங்கேயே உள்ளது. இவ்விரண்டையும் 'மாய யதார்த்தம்' என்னும் ஒரே பெயரில் அடக்கும் திறனாய்வு, நிலம் யாருடையது என்னும் கேள்வியைத் தவறவிடுகிறது. கரிசல் எழுத்தைப் பொறுத்தவரை அதுவே முதற்கேள்வி.