டங்டுட்: தடை கண்டவர் போட்ட தடை

ரோமா இராமாவை 'டங்டுட்டின் ராஜா' என்பது இந்தோனேசியாவில் வழக்கம். பட்டம் பொருத்தம்தான். ஆனால் 2003-ல் இந்த ராஜா செய்த ஒரு காரியத்தை அவருடைய பழைய கதையோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

டங்டுட், மலாய் வாத்தியக் குழுக்களின் இசையும் இந்தி சினிமாப் பாட்டும் கலந்து உருவானது. மத்தளத்தில் எழும் 'டங்', 'டுட்' என்ற ஒலிகளே பெயராச்சு. முதலில் அது கேலிப் பெயர். நகரத்துக்காரர்கள் இதைக் 'கம்புங்கான்' என்றார்கள். நம்ம ஊர்ல 'பட்டிக்காட்டுத்தனம்'னு சொல்வோமே, அதேதான். ரோமா 1970-களில் தன் சொனெட்டா குழுவோடு எலெக்ட்ரிக் கிடாரையும் ராக் இசையின் வேகத்தையும் இதில் சேர்த்தார். கூடவே இஸ்லாமிய அறவுரையையும் வைத்தார்.

1977 தேர்தலில் சுகார்த்தோவின் கோல்கருக்கு எதிராக நின்ற இஸ்லாமியக் கட்சிக்கு அவர் பிரச்சாரம் செய்தார். விளைவு, அரசுத் தொலைக்காட்சி பல வருஷம் அவருக்குக் கதவைச் சாத்தியது. அப்போ நாட்டில் வேறு சேனலே கிடையாது. ஆனாலும் என்ன? கேசட்டும் சினிமாவும் அவரை ஊர் ஊராகக் கொண்டுபோயின.

இனுல் தாரதிஸ்தா வந்த வழியும் கிட்டத்தட்ட இதுதான். கிழக்கு ஜாவாவின் பசுருவான்காரர். சின்ன ஊர் மேடைகளில் அவர் இடுப்பைச் சுழற்றி ஆடிய ஆட்டம் திருட்டு வி.சி.டி.களில் பரவியது. 'துளைபோடுதல்' என்றே அந்த ஆட்டத்துக்குப் பெயர். டி.வி. நிலையங்கள் அப்புறம்தான் அவரைத் தேடி வந்தன. 2003-ல் ரோமா, இது டங்டுட்டுக்கு இழுக்கு என்று கண்டித்தார். தன் பாடல்களை இனுல் பாடவே கூடாது என்றார்.

ரோமா பக்கம் நியாயமே இல்லையா? இருக்கு. வசவாக இருந்த ஒரு இசைக்கு மரியாதை வாங்கித் தர அவர் பட்ட பாடு சின்னதல்ல; அது மறுபடி கீழே போயிடுமோன்னு பயந்திருக்கலாம். ஆனால் அந்த மரியாதைக்காக அவர் கையிலெடுத்தது, ஒரு காலத்தில் அவர்மேலேயே பாய்ந்த ஆயுதத்தை. எது நாகரிகம் என்று மேலிருந்து ஒருவர் முடிவு செய்வது, யாரெல்லாம் மக்கள் கண்ணில் படலாம் என்பதையும் அவரே தீர்மானிப்பது. அன்றைக்கு அரசு செய்ததும் இதுதானே? முன்னாள் அதிபர் அப்துர்ரஹ்மான் வாஹித், தானே ஒரு இஸ்லாமிய அறிஞர், இனுலுக்காகப் பேசினார் என்பதையும் கவனிக்கணும். ஆகவே இதை மதத்துக்கும் ஆபாசத்துக்கும் நடந்த சண்டையாகச் சுருக்குவது சரியில்லை.

2018-ல் ஜகார்த்தாவில் ஆசிய விளையாட்டுப் போட்டியின் தொடக்க விழாவில் பாடிய வியா வாலன், கிழக்கு ஜாவாவின் 'கோப்லோ' டங்டுட்டில் வளர்ந்தவர். இனுல் வந்த அதே மேடை மரபு. அதுக்கு யார் அனுமதியும் தேவைப்படல.